துவான் லாமின் சொந்தக் குரல்

துவான் லாம் அழுதபோது சைகோனே சேர்ந்து அழுதது. அழும்போது அவர் என்ன சொன்னார் என்பதுதான் பார்த்தவர்களுக்குத் தெரியாது. "ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு" என்று எண்ணிக்கொண்டிருந்தார். காதலியின் கல்லறைமேல் விழுந்து புரண்ட காட்சியில் முப்பத்தேழு வரைக்கும் போனார் என்று கேமராக்காரர்கள் சொல்வார்கள்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அதுதான் வழக்கம். ஒரு வாரத்தில் படம் முடிந்துவிடும். நூடுல்ஸ் மேல் வெந்நீர் ஊற்றி மூடி எடுக்கிற நேரம் என்று பத்திரிகைகள் கேலி செய்து, அந்தப் படங்களுக்கே நூடுல்ஸ் படம் என்று பெயர் விழுந்துவிட்டது. நாயகன் வசனத்தை மனப்பாடம் செய்யப் பொழுதில்லை, அவசியமும் இல்லை. வாய் அசைந்தால் போதும். பிறகு ஒலிக்கூடத்தில் வேறொருவர் உட்கார்ந்து அந்த வாய்க்குள் வசனத்தைத் திணித்துவிடுவார்.

மற்ற நாயகர்களுக்கு இந்த ஏற்பாடு வசதி. லாமுக்கு உயிர்நாடி. ஏனென்றால் அவர் வடக்கே ஙே ஆன் மாகாணத்துக்காரர். அந்த ஊர்க்காரர் வாயைத் திறந்தால் சைகோன்காரர் முகம் எப்படி ஆகும் என்பதை மாகாணத்தின் பெயரே சொல்லிவிடுகிறது.

நிஜப் பெயர் லாக். வடக்கே அதற்கு வேர்க்கடலை என்று பொருள். பட்டாளத்திலிருந்து வந்து வீடியோ கம்பெனி ஒன்றில் விளக்குத் தூக்கிக்கொண்டிருந்தார். நாயகன் குடித்துவிட்டு எழுந்திருக்காத ஒரு காலையில் தயாரிப்பாளர் விளக்கைப் பார்த்தார், அப்புறம் விளக்குக்குப் பின்னாலிருந்த மூக்கைப் பார்த்தார்.

"பேரென்ன?"

"லாக்."

"வேர்க்கடலை முத்தம் குடுக்கிறதை எவன் காசு குடுத்துப் பார்ப்பான்? இன்னையிலேர்ந்து நீ துவான் லாம். ஒண்ணு ஞாபகம் வச்சுக்க. சைகோன்ல நீ வாயைத் திறந்தா படம் படுத்துடும்."

"அப்ப சாப்பாடு எப்படிக் கேக்கதாம்?"

"சிரி. கொண்டாந்து வைப்பாங்க."

சிரித்தார். கொண்டுவந்து வைத்தார்கள். நாலு வருஷம் அப்படி ஓடியது. புத்தாண்டுக் காலண்டரில் ஆறு மாதம் அவர் முகம், மீதி ஆறு மாதம் நாயகிகளுடைய முகம். ரசிகைகள் கடிதத்தில் முகத்தைப் பற்றி ஒரு வரியும் குரலைப் பற்றி ஒரு பக்கமும் எழுதினார்கள்.

மீ தோ ஊர்ப் பக்கத்திலிருந்து அப்படி எழுதியவர்களில் ஒருத்தி ஹூங். அவளைத்தான் கல்யாணம் செய்துகொண்டார். பெண் பார்க்கப் போனபோதும் சிரித்தார். அடக்கமான பையன் என்றார்கள். முதலிரவில் கதவைச் சாத்திவிட்டு, "பசிக்குதாட்டி?" என்று கேட்டார். ஹூங் அறைக்குள் வேறு யாரோ இருக்கிறார்கள் என்று கட்டிலுக்கு அடியில் பார்த்தாள். தான் மணந்த முகமும் காதலித்த குரலும் இரண்டு வேறு விலாசங்களில் குடியிருப்பது அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது.

நூடுல்ஸ் படங்கள் ஒரே வருஷத்தில் ஒட்டுமொத்தமாகச் செத்தன. சக நாயகர்கள் சிலர் திருமண மண்டபங்களில் நிகழ்ச்சி நடத்தப் போனார்கள், சிலர் நாடகத்துக்குப் போனார்கள். எல்லாவற்றுக்கும் வாய் வேண்டியிருந்தது. துவான் லாம் வீட்டுக்குப் போனார். சைகோனில் பின் தான் என்ற வட்டாரத்தில் ஒரு சந்துமுனையில் ஹூங் நொய்ச்சோறும் சுட்ட பன்றிக்கறியும் விற்றாள். அவர் கறியைத் திருப்பிப் போட்டார். அடையாளம் கண்டு படம் எடுத்துக்கொள்ள வருபவர்களைப் பார்த்துச் சிரித்தார்.

"கறி கேக்குறவங்களுக்குக் கறியைக் குடு, நடிகரே. சிரிப்புக்கு இங்க விலை போடலை" என்பாள் ஹூங்.

இப்படியே அறுபத்தொரு வயதாகிவிட்டது.

அப்போதுதான் உயென் வந்தாள். அமெரிக்காவில் படித்துவிட்டு வந்த இயக்குநர், முப்பது வயது இருக்கும். வீட்டைவிட்டு ஓடிப்போன ஒரு நடிகன் கிழவனாகித் திரும்பி வருகிற கதை வைத்திருந்தாள். படம் முழுக்க அவன் பேசமாட்டான். கடைசிக் காட்சியில், செத்துப்போன அம்மாவின் படம் வைத்த பீடத்துக்கு முன்னால் மண்டியிட்டு ஒரே ஒரு வாக்கியம் சொல்வான்: "அம்மா, நான் வந்துட்டேன்."

"சித்தப்பா, உங்களைத் தவிர வேற யாரையும் என்னால நினைச்சே பார்க்க முடியல" என்றாள், மூத்தவர்களை அழைக்கிற ஊர் வழக்கப்படி. "ஆனா டப்பிங் கிடையாது. அந்த இடத்துலயே பதிவு பண்ணிடுவோம். முப்பது வருஷம் கழிச்சு ஜனங்க உங்க குரலைக் கேக்கப் போறாங்க."

அவர் சிரித்தார். ஹூங் அவருக்காகப் பேசினாள். "அவருக்குத் தொண்டை சரியில்லம்மா. இல்லைன்னா நன்றி சொல்லியிருப்பாரு."

உயென் போனதும் அவர் அடுப்படியில் போய் உட்கார்ந்தார். வாழ்க்கையில் முதல் தடவையாக, தன் வாயிலிருந்து வருவதை ஊர் கேட்கப் போகிறது. கூலியில்லாமல் நடிக்கச் சொன்னாலும் நடித்திருப்பார். அந்த ஒரு வாக்கியம் போதும்.

"ஒனக்குப் புரியுதா? எங்குரலு" என்றார்.

"புரியுது. அதுதான் பயமா இருக்கு" என்றாள் ஹூங்.

பயத்துக்குக் காரணம் இருந்தது. சைகோனில் அம்மாவுக்கும் பேய்க்கும் ஒரே சொல்தான்: மா. குரலை மேலே ஏற்றினால் அம்மா. ஏற்றாமல் சமமாக விட்டால் பேய். ஙே ஆன் தொண்டைக்கு அந்த ஏற்றம் ஏறாது. அதைவிட மோசம், ஏறவில்லை என்பது அந்தத் தொண்டைக்குச் சொந்தமான காதுக்குக் கேட்காது. மற்றவர்கள் சொன்னால் லாமுக்கு வித்தியாசம் தெரியும். தான் சொன்னால் எல்லாமே அம்மாதான்.

சைகோன் தொண்டையைக் கற்றுத்தர ஒரே ஒரு ஆள்தான் இருந்தார். அது குட்டி அண்ணன். வீட்டில் கடைசிப் பிள்ளை என்பதால் அந்தப் பெயர். வயது அறுபத்தெட்டு. நாலு வருஷமும் துவான் லாமின் வாய்க்குள் உட்கார்ந்திருந்தவர் அவர்தான். இப்போது சைக்கிளில் ரொட்டி விற்பவர்கள் ஒலிபெருக்கியில் போடுவதற்குப் பதிவு செய்து கொடுத்துக்கொண்டிருந்தார். ஒரு காலத்தில் நாட்டையே அழவைத்த குரல் தெருத்தெருவாக "சூடான ரொட்டி, மொறுமொறு ரொட்டி" என்று போய்க்கொண்டிருந்தது.

மத்தியான வியாபாரம் முடிந்த நேரத்தில் குட்டி அண்ணன் கடைக்கு வந்து உட்கார்ந்தார். "ஹூங், ஒரு தட்டு நொய்ச்சோறு. மீன்சாறு கொஞ்சம் தூக்கலா" என்றார், மழையில் நின்று காதலைச் சொல்லும் அதே குரலில். ஹூங் கேட்காமலே இன்னொரு துண்டு கறி வைத்தாள்.

"அண்ணே, எனக்கு அந்த ஒத்த வாக்கியத்தக் கத்துக்குடுக்கணும். என்ன வேணும்னாலும் செய்யுதேன்" என்றார் லாம்.

"உன் குரல்ல பேச என்கிட்ட கத்துக்கணுங்கிற."

"ஆமா."

"சரிதான்." குட்டி அண்ணன் எலும்பைச் சூப்பினார். "போன மாசம் சிவப்பு விளக்குல நிக்காமப் போயிட்டேன். போலீஸ்காரன் பிடிச்சான். மன்னிச்சிருங்க தம்பின்னேன். அவன் சிரிக்கிறான். 'துவான் லாம் மாதிரியே பேசுறீங்களே பெரியவரே, ஆனா கொஞ்சம் செயற்கையா இருக்கு'ங்கிறான்."

ஹூங் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். குட்டி அண்ணன் சிரிக்கவில்லை.

"காசு வேணாம், தம்பி. படத்துக்குப் பத்திரிகைக்காரங்களைக் கூப்பிடுவாங்கல்ல. அன்னைக்கு எழுந்து, அந்தக் காலத்துல பேசினது இந்த மனுஷன்னு என்னைக் காட்டி ஒரு தடவை சொல்லணும். அவ்வளவுதான்."

"சொல்லுதேன் அண்ணே. சத்தியமாச் சொல்லுதேன்."

"சொல்றேன். சொல்லுதேன் இல்ல. முதல் பாடம்."

தினமும் மத்தியானம் பாடம் நடந்தது. லாம் சுவரைப் பார்த்து உட்காருவார், குட்டி அண்ணன் குச்சியால் மேசையைத் தட்டுவார். மூன்று வாரத்தில் வாக்கியத்தின் பின்பாதி சைகோனுக்கு வந்து சேர்ந்துவிட்டது. 'மா' மட்டும் ஙே ஆனிலேயே நின்றது.

"ஏத்து. மாடியில இருக்கிற அம்மாவைக் கூப்பிடுற மாதிரி ஏத்து."

"மா."

"இது பேய்."

"அம்மான்னுலா சொன்னேன்?"

"பேய்தான். நல்ல வளர்ந்த பேய்."

படப்பிடிப்புக்கு முன் பத்திரிகையாளர் கூட்டம் ஒரு ஓட்டலில் நடந்தது. குட்டி அண்ணன் மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை போட்டு மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தார். முடி வெட்டிக்கொண்டு வந்திருந்தார்.

ஒரு பெண் நிருபர் எழுந்தாள். "ஐயா, எங்க அம்மா உங்க குரலுக்காகவே வீடியோ நாடா வாங்கி வச்சிருந்தாங்க. அந்தக் குரலோட ரகசியம் என்ன?"

அரங்கம் நிமிர்ந்தது. எல்லாக் கேமராவும் அவர் வாயைப் பார்த்தன. முப்பது வருஷமாக மூடியிருந்த வாய் அது. லாம் மூன்றாவது வரிசையைப் பார்த்தார். சொல்லத்தான் நினைத்தார். ஆனால் அந்தப் பெண்ணின் கண்ணில் அவளுடைய அம்மாவே தெரிந்தாள். அவளிடம் போய் 'உன் அம்மா காதலித்தது இந்தக் கிழவனை' என்று எப்படிச் சொல்வது?

"தொழில் மூதாதை குடுத்த வரம்" என்றார், பாடம் செய்த சைகோன் பேச்சில்.

நடிகர்கள் எல்லாரும் சொல்கிற பதில்தான். கலைத்தொழிலின் காவல் தெய்வமான அந்த மூதாதைக்கு வருஷம் தவறாமல் முழுப் பன்றி சுட்டுப் படைக்கிறவர்கள், வெற்றி வந்தால் அவர் கணக்கில்தான் எழுதுவார்கள். அரங்கம் கைதட்டியது. குட்டி அண்ணனும் தட்டினார். மற்றவர்கள் நிறுத்திய பிறகும் கொஞ்ச நேரம் தட்டினார்.

மறுநாள் மத்தியானம் அவர் வரமாட்டார் என்று லாம் நினைத்தார். வந்தார். அதே இடத்தில் உட்கார்ந்தார்.

"அண்ணே, நேத்து வந்து..."

"அதை விடு. சொல்லு பார்ப்போம்."

"மா, நான் வந்துட்டேன்."

லாமின் முதுகுக்குப் பின்னால் ஹூங்கின் கரண்டி அந்தரத்தில் நின்றது. பேய்தான், நேற்றைவிடக் கொழுத்த பேய். அவள் வாயைத் திறப்பதற்குள் குட்டி அண்ணன் அவளைப் பார்த்து உதட்டில் விரல் வைத்தார். ஹூங் ஒரு கணம் யோசித்தாள். முதலிரவில் கட்டிலுக்கு அடியில் தான் குனிந்து பார்த்தது நினைவுக்கு வந்திருக்க வேண்டும். கரண்டி மறுபடி சட்டிக்குள் போனது.

"கச்சிதம்" என்றார் குட்டி அண்ணன். "ஏறிடுச்சு."

"நெசமாவா?"

"இதுக்கு மேல கத்துக்குடுக்க எனக்கு ஒண்ணும் இல்ல தம்பி."

லாம் அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். எண்ணாமல் அழுதார்.

படப்பிடிப்பில் கடைசிக் காட்சி வந்தது. பீடத்தில் பழங்களும் ஊதுபத்தியும் ஒரு கிழவியின் படமும் இருந்தன. லாம் மண்டியிட்டார். தாடை துடித்தது, கண்ணில் நீர் கட்டியது. சுற்றி நின்ற ஆட்கள் மூச்சை அடக்கிக்கொண்டார்கள். "மா, நான் வந்துட்டேன்" என்றார்.

ஒலிப்பதிவுக்காரர் தலையைக் குனிந்துகொண்டார். அவர் தோள் குலுங்கியது. உயென் காதுக்கருவியை ஒரு பக்கம் தூக்கிவிட்டு அவரைப் பார்த்தாள்.

"சித்தப்பா, இன்னொரு தடவை."

மறுபடி சொன்னார். மறுபடி. ஒவ்வொரு தடவையும் பேய் பீடத்துக்கு இன்னும் நெருங்கி வந்தது. தயாரிப்பாளர் உயெனைத் தனியாகக் கூப்பிட்டுப் போய், சிரிப்பு அழுகையைவிட நன்றாக விற்கும் என்றார். போகும்போது அவள் முகத்தில் கவலை இருந்தது, திரும்பும்போது இல்லை.

"போதும் சித்தப்பா. இப்படி ஒரு முடிவை எங்களால எழுதியிருக்கவே முடியாது" என்றாள்.

லாம் அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டார். ஆட்கள் ஒவ்வொருவராக வந்து கைகுலுக்கினார்கள். எல்லார் கண்களும் கலங்கியிருந்தன.

முதல் காட்சிக்கு ஹூங் பட்டு ஆடை கட்டிக்கொண்டு வந்தாள். படம் முழுக்க அரங்கம் அமைதியாக இருந்தது. ஒரு கிழவனின் மௌனத்தை இவ்வளவு பேர் மதித்துக் கேட்பதை லாம் இருட்டில் அனுபவித்தார். கடைசிக் காட்சியில் பக்கத்து இருக்கைப் பெண் கைக்குட்டையை எடுத்தாள். திரையில் தன் வாய் திறப்பதைப் பார்த்தார். தன் குரல் கேட்டது. தெளிவாக, உருக்கமாக, அம்மா என்றுதான் கேட்டது.

அரங்கம் வெடித்துச் சிரித்தது.

சிரிப்பு அடங்கவே இல்லை. கைக்குட்டைக்காரி அதே கைக்குட்டையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தாள். பின்வரிசையிலிருந்து ஒருவன், "பேயே, பயப்படாத, அவரு உன்னைவிடப் பழசு" என்று கத்தினான். லாம் திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

"எதுக்குச் சிரிக்காங்க?" என்று கேட்டார்.

 ஹூங்கும் சிரித்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் காலையில் அவள் கைபேசியை அவர் காதருகே வைத்து அந்தத் துண்டைத் திரும்பத் திரும்பப் போட்டாள். அதற்குள் லட்சக்கணக்கானோர் பார்த்துவிட்டார்கள். யாரோ அதற்குத் தாளம் போட்டுப் பாட்டாக்கியிருந்தார்கள். பல தடவை கேட்ட பிறகு, சின்ன ஒலிபெருக்கியிலிருந்து வந்த குரல் மெல்ல வேறு யாருடையதோ ஆயிற்று. அப்போதுதான் அவருக்குக் கேட்டது. பேய்.

நேரே குட்டி அண்ணன் வீட்டுக்குப் போனார்.

"தெரிஞ்சேதான் விட்டியளா?"

"தெரிஞ்சேதான்."

"ஏன்?"

"தொழில் மூதாதை குடுத்த வரம் தம்பி. அதுல கை வைக்க நான் யாரு?"

லாம் படியில் உட்கார்ந்தார். "இப்பமாவது ஒழுங்காக் கத்துக்குடுங்க" என்றார்.

"இனிமே எதுக்கு?"

"ஊரு எங்குரலக் கேக்கணும். ஒரு தடவையாவது."

குட்டி அண்ணன் அவரை உற்றுப் பார்த்தார். பரிதாபமோ, சுவாரசியம் போய்விட்டதோ, குச்சியை எடுத்தார். இந்தத் தடவை உண்மையாகவே கற்றுக்கொடுத்தார். கைபேசியில் பதிவு செய்வது, கேட்பது, மறுபடி சொல்வது என்று போயிற்று. தன் காதை நம்பக் கூடாது என்று தெரிந்துகொண்டவன் சீக்கிரம் தேறிவிடுவான். வாக்கியம் தேறியது. வாக்கியத்தோடு பேச்சும் தேறியது. கடையில் சோறு கேட்பவர்களுக்கு லாம் வாய்விட்டுப் பதில் சொல்லத் தொடங்கினார். சொல்லுதேன் போய் சொல்றேன் நிலைத்துவிட்டது.

கரப்பான் மருந்துக் கம்பெனிக்காரர்கள் வந்தது அந்தச் சமயத்தில்தான். விளம்பரத்தில் அவர் சமையலறை அலமாரியைத் திறந்து, உள்ளே பார்த்து, அந்த வாக்கியத்தைச் சொல்ல வேண்டும். லாம் உடனே ஒத்துக்கொண்டார். இந்தத் தடவை நாடு முழுக்கச் சரியாகக் கேட்கும் என்றார் ஹூங்கிடம்.

கேமரா ஓடியது. அலமாரியைத் திறந்தார். "மா, நான் வந்துட்டேன்" என்றார். குரல் செங்குத்தாக மேலே ஏறியது. சைகோனில் பிறந்தவனுக்குக்கூட அவ்வளவு சுத்தமாக அம்மா வராது.

விளம்பரக்காரப் பையன் தலையைச் சொறிந்தான். "ஐயா, அது வேணாம். பழைய மாதிரி சொல்லுங்க."

"இதுதாம்பா சரி."

"சரியா இருந்தா யாரு சிரிப்பாங்க? கரப்பானைப் பார்த்து அம்மான்னு கூப்பிட்டா எங்க கம்பெனி மானம் என்னாகிறது? பேய் வேணும் ஐயா."

லாம் முயன்றார். வரவில்லை. இறக்கிப் பார்த்தார், அழுத்திப் பார்த்தார். எப்படிச் சொன்னாலும் சைகோன்காரன் ஒருவன் ஙே ஆன்காரனைப் பழிப்பதுபோல் வந்தது, அதுவும் மோசமாக. சாயங்காலம்வரை பார்த்துவிட்டுப் பையன் சொன்னான்: "பரவாயில்ல ஐயா. நீங்க வாயை மட்டும் அசைங்க. குரலுக்கு ஒரு பெரியவர் இருக்காரு. ரொட்டி விக்கிறதுக்கெல்லாம் பதிவு பண்ணிக் குடுப்பாரே, அவரு. எந்த ஊர்ப் பேச்சும் பேசுவாரு."

லாம் அலமாரியைத் திறந்தார். வாயை அசைத்தார். "ஒண்ணு, ரெண்டு, மூணு" என்றார்.

விளம்பரம் புத்தாண்டுக்கு வெளியானது. ஊரே சிரித்தது. அன்று மத்தியானம் கடையில் குட்டி அண்ணன் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது லாமின் கைபேசி ஒலித்தது. ஙே ஆனிலிருந்து அவருடைய தங்கச்சி.

"அண்ணே, டிவில ஒங்களப் பாத்தோம்லா" என்று அவள் எடுத்த எடுப்பிலேயே தொடங்கிவிட்டாள். "அந்தப் படத்துல என்னமோ சைகோன்காரன் கெணக்கா இழுத்துப் பேசி எங்க மானத்த வாங்கினீங்க. நம்ம மாமாகூட ஊரயே மறந்துட்டான்னு திட்டுனாரு. இப்ப இந்த விளம்பரத்தக் கேட்டுட்டு எல்லாரும் அழுதுட்டோம் அண்ணே. அதுதான் ஒங்க குரலு. அச்சு அசல். அப்பா இருந்திருந்தா..."

லாம் கைபேசியைக் காதோடு அழுத்திக்கொண்டார். "தங்கச்சி, நான் சொல்றதைக் கொஞ்சம் கேளு. அந்த விளம்பரத்துல பேசினது..." என்றார்.



"யாரு பேசுதது?" என்றாள் தங்கச்சி.

"நான்தான் பேசுறேன். உன் அண்ணன்."

"ஐயா, நீங்க யாருன்னு தெரியல. நல்லாருப்பீங்க, எங்க அண்ணங்கிட்ட போனக் குடுங்க."

"லாக் பேசுறேன்மா. நான்தான்..."

"வெளாடாதீங்க ஐயா. வெளியூர்க் காசு ஓடுது. அண்ணனக் கூப்புடுங்க."

குரல் வெளியே கேட்குமளவுக்கு அவள் கத்தினாள். ஹூங் கரண்டியை வைத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தாள். லாம் வாயைத் திறந்தார். ஊர்ப் பேச்சில் ஒரு வார்த்தை, எதுவானாலும் ஒரு வார்த்தை வேண்டும் என்று தேடினார். வாய் அசைந்தது, எதுவும் வரவில்லை.

குட்டி அண்ணன் எலும்பைத் தட்டில் வைத்தார், விரல்களைத் துடைத்துக்கொண்டு கையை நீட்டினார். லாம் கைபேசியைக் கொடுத்தார்.

"சொல்லுட்டி தங்கச்சி" என்றார் குட்டி அண்ணன். "சொகமா இருக்கியளா எல்லாரும்?"